ஜோகூர் நீரிணையின் அடியில் ஒரு நாள்: இயன் ஃபிரேசரும் ‘எக்ஸ்இ3’ நீர்மூழ்கியும்

சிங்கப்பூரின் வட கரையில், செம்பவாங் பூங்காவில் நின்று பார்த்தால் அமைதியான ஒரு நீர்ப்பரப்பு தெரியும். அக்கரையில் ஜோகூர். இடையே மீன்பிடிப் படகுகளும் சரக்குக் கப்பல்களும் போய்வரும்.

1945ஆம் ஆண்டு ஜூலை 31ஆம் தேதி பிற்பகலில் இதே நீரிணையில், ஒரு ஜப்பானியப் போர்க்கப்பலுக்கும் கடல் தரைக்கும் இடையே நால்வர் சிக்கியிருந்தனர். அவர்கள் இருந்தது 53 அடி நீளமே கொண்ட ஒரு நீர்மூழ்கிக் கப்பலில். அதன் தலைவர் லெஃப்டினன்ட் இயன் ஃபிரேசர். அப்போது அவருக்கு வயது 24.

அன்றைய செயலுக்காகப் பிரிட்டனின் ஆக உயரிய வீர விருதான விக்டோரியா சிலுவை அவருக்குக் கிடைத்தது. அவருடன் இருந்த முக்குளிப்பாளர் ஜேம்ஸ் மகின்னிசுக்கும் அதே விருது வழங்கப்பட்டது. 

போரின் கடைசி வாரங்களில் சிங்கப்பூரில் நடந்த இந்தத் தாக்குதலைப் பற்றி இங்குள்ள பலருக்குத் தெரியாது. கல்லாங் விமான நிலையம், ஃபோர்ட் கேனிங் நிலவறை, புக்கிட் சண்டு என்று போர்க்கால இடங்கள் நினைவில் நின்ற அளவுக்கு, நீருக்கடியில் நடந்த இந்நிகழ்வு நிற்கவில்லை.

வணிகக் கப்பலிலிருந்து நீர்மூழ்கிக்கு

இயன் எட்வர்ட் ஃபிரேசர் 1920ஆம் ஆண்டு டிசம்பர் 18ஆம் தேதி லண்டனை அடுத்த ஈலிங்கில் பிறந்தவர். ‘கான்வே’ என்னும் பயிற்சிக் கப்பலில் கடல் தொழில் கற்று, முதலில் வணிகக் கப்பல் துறைக்குச் சென்றார். 1939இல் போர் மூண்டபோது அரச கடற்படையின் சேமப்படையில் சேர்ந்தார்.

முழுநேரக் கடற்படை அதிகாரிகள் இளவயதிலேயே கடற்படைக் கல்லூரிக்குள் நுழைந்து படிப்படியாக உயர்பவர்கள். சேமப்படை அதிகாரிகளோ வணிகக் கப்பல்களில் அனுபவம் பெற்று, தேவைப்படும்போது அழைக்கப்படுபவர்கள். ஃபிரேசர் இந்த இரண்டாவது வகை.

பின்னர் நீர்மூழ்கிப் பிரிவுக்கு மாறிய அவர், மத்தியதரைக் கடலில் ‘ஸாஹிப்’ நீர்மூழ்கியில் பணியாற்றினார். அப்பணிக்காக 1943இல் ‘சிறப்புச் சேவைச் சிலுவை’ விருதைப் பெற்றார். அதற்குப் பிறகு பயிற்சிக்குப் பயன்பட்ட பழைய நீர்மூழ்கி ஒன்றின் தலைவராகவும் இருந்தார். ஆபத்துக் குறைந்த வேலை அது. அதை விட்டுவிட்டு, குறு நீர்மூழ்கிப் பிரிவுக்குத் தாமாக முன்வந்தார்.

நால்வருக்கு ஒரு குழாய்

குறு நீர்மூழ்கி என்பது ஏறத்தாழ 30 டன் எடையுள்ள எஃகுக் குழாய். அதன் விட்டம் 6 அடிக்கும் குறைவு. உள்ளே யாரும் நிமிர்ந்து நிற்க முடியாது.

குழுவில் நால்வர்: தலைவர், துணைத் தலைவர், இயந்திரப் பணியாளர், முக்குளிப்பாளர். நீர்மட்டத்தில் ஓட டீசல் இயந்திரம். நீருக்கடியில் ஓட மின்கலத்தில் இயங்கும் மோட்டார். ஆசியக் கடல்களின் வெப்பத்துக்காக ‘எக்ஸ்இ’ வகையில் குளிர்சாதன வசதியும் சேர்க்கப்பட்டது.

இவ்வகைக் கப்பலில் டார்பிடோ கிடையாது. இரு பக்கங்களிலும் வெடிபொருள் தொங்கும். எக்ஸ்இ3இன் ஒரு பக்கத்தில் 2 டன் அமட்டோல் அடங்கிய பெரிய வெடிகலம் இருந்தது. மறுபக்கம் இருந்த கூட்டில், காந்தத்தால் ஒட்டக்கூடிய ‘லிம்பெட்’ வெடிகள் அடுக்கப்பட்டிருந்தன.

எதிரிக் கப்பலுக்கு நேர் கீழே போய் நிற்க வேண்டும். முக்குளிப்பாளர் வெளியே சென்று காந்த வெடிகளைக் கப்பலின் அடிப்பகுதியில் பொருத்த வேண்டும். அவர் திரும்பியதும் பெரிய வெடிகலத்தைக் கடல் தரையில் விட்டுவிட்டு வெளியேற வேண்டும். வெடிக்கும் நேரம் முன்கூட்டியே குறிக்கப்பட்டிருக்கும்.

முக்குளிப்பாளர் வெளியேறுவதற்கென்று ஒரு சிறிய அறை உண்டு. அதில் நீரை நிரப்பி, வெளியழுத்தமும் உள்ளழுத்தமும் சமமானதும் மேல்மூடியைத் திறந்து செல்வார். திரும்பியதும் அதே முறையில் நீரை வெளியேற்றுவார்கள். 

முக்குளிப்பாளர் தூய ஆக்சிஜனைச் சுவாசிப்பார். விடும் மூச்சு கருவிக்குள்ளேயே சுத்திகரிக்கப்பட்டு மீண்டும் பயன்படும். அதனால் நீருக்கு மேல் குமிழிகள் எழாது; எதிரி கண்டுபிடிக்க முடியாது. அந்தக் கருவி கசிந்தால் என்ன ஆகும் என்பதை மகின்னிஸ் ஜோகூர் நீரிணையில் அனுபவித்தார்.

லாபுவானிலிருந்து புறப்பாடு

குறு நீர்மூழ்கிகள் 1943இல் நார்வேயில் ஜெர்மனியின் ‘டிர்பிட்ஸ்’ போர்க்கப்பலைச் சேதப்படுத்திப் பெயர் பெற்றவை. ஆனாலும் பசிபிக் போரில் அவற்றுக்கு வேலை கிடைப்பது எளிதாக இல்லை. அமெரிக்கக் கடற்படை வலுவாக இருந்த அக்கடலில் இந்தச் சிறு கப்பல்கள் எதற்கு என்ற கேள்வி எழுந்தது. பிரிவின் தலைவரான நியூசிலாந்துக்காரர் கேப்டன் ஃபெல் விடாமல் அலைந்து இரு வேலைகளைப் பெற்றார். ஒன்று, ஜப்பானியர் பயன்படுத்திய கடலடித் தந்திக் கம்பிகளை அறுப்பது. மற்றொன்று, சிங்கப்பூரில் நின்ற இரண்டு கனரகப் போர்க்கப்பல்களைத் தகர்ப்பது.

அந்த இரு கப்பல்கள் ‘தக்காவோ’, ‘மியோகோ’. இரண்டும் 10,000 டன்னுக்கு மேற்பட்டவை. எட்டு அங்குலப் பீரங்கிகள் பத்தைச் சுமந்தவை.

பிரிட்டிஷ் படைகள் அப்போது மலாயாவை மீட்கத் திட்டமிட்டிருந்தன. போர்ட் சுவெட்டன்ஹம், போர்ட் டிக்சன் கடற்கரைகளில் இறங்கி, தெற்கே சிங்கப்பூர் நோக்கி வருவது திட்டம். அப்படி வரும் படைகள் ஜோகூரை எட்டும்போது, நீரிணையில் நிற்கும் கப்பல்களின் பீரங்கிகள் அவர்களை நோக்கித் திரும்பக்கூடும் என்ற அச்சம் இருந்தது.

1945 ஜூலை 26ஆம் தேதி, இன்று மலேசியாவின் கூட்டரசுப் பிரதேசமாக இருக்கும் லாபுவானிலிருந்து இரு குறு நீர்மூழ்கிகள் புறப்பட்டன. ஃபிரேசரின் எக்ஸ்இ3ஐ ‘ஸ்டிஜியன்’ என்ற பெரிய நீர்மூழ்கி இழுத்துச் சென்றது. லெஃப்டினன்ட் ஸ்மார்ட் தலைமையிலான எக்ஸ்இ1ஐ ‘ஸ்பார்க்’ இழுத்தது. தக்காவோ ஃபிரேசரின் இலக்கு. மியோகோ ஸ்மார்ட்டின் இலக்கு.

இழுத்துச் செல்லும் நாள்களில் குறு நீர்மூழ்கியை வேறொரு குழு ஓட்டும். தாக்கும் குழு பெரிய நீர்மூழ்கியில் ஓய்வெடுக்கும். ஜூலை 30ஆம் தேதி காலை ஃபிரேசரின் குழு மாறிக்கொண்டது. நியூசிலாந்தைச் சேர்ந்த சப்-லெஃப்டினன்ட் ஸ்மித், இயந்திரப் பணியாளர் ரீட், முக்குளிப்பாளர் மகின்னிஸ் ஆகியோர் அவருடன் இருந்தனர். இரவு 11 மணியளவில் இழுவைக் கயிறு அவிழ்க்கப்பட்டது. இலக்கு இன்னும் ஏறத்தாழ 65 கிலோமீட்டர் தொலைவில் இருந்தது.

கண்ணிவெடிகளுக்கு ஊடே

நீரிணைக்குள் வர, கண்ணிவெடிகள் அகற்றப்பட்ட ஒரு பாதை இருந்தது. ஆனால் அதில் ஒலியுணர் கருவிகள் இருப்பதாகத் தெரிந்திருந்தது. ஃபிரேசர் அந்தப் பாதையை விட்டு வேண்டுமென்றே விலகி, கண்ணிவெடிகள் மிதந்த பகுதி வழியாகக் கப்பலைச் செலுத்தினார். அங்கே ஜப்பானியர் வைத்தவை மட்டுமல்ல, நேச நாடுகள் போட்டவையும் இருந்தன.

மறுநாள் காலை 10.30 மணியளவில் நீர்மூழ்கித் தடுப்பு வேலியை அடைந்தனர். வாயில் திறந்திருந்தது. பகல் வெளிச்சத்தில், தெளிந்த நீரில், எக்ஸ்இ3 அதைக் கடந்து உள்ளே நுழைந்தது.

பிற்பகலில் தக்காவோ பெரிஸ்கோப்பில் தெரிந்தது. ஃபிரேசர் தம் குழுவினர் மூவரையும் ஒவ்வொருவராக அழைத்துப் பார்க்கச் சொன்னார். நெருங்கும் வேளையில், ஜப்பானிய மாலுமிகள் நிறைந்த ஒரு படகு சில கஜ தூரத்தில் கடந்து போனது. பெரிஸ்கோப்பைச் சட்டென்று கீழிறக்கியதால் தப்பினர்.

தக்காவோவின் முன்பகுதியும் பின்பகுதியும் நீர் வற்றும் வேளையில் ஏறக்குறைய தரை தட்டும் ஆழத்தில் இருந்தன. நடுப்பகுதிக்குக் கீழே மட்டும் ஒரு பள்ளம். எக்ஸ்இ3 அந்தப் பள்ளத்துக்குள்தான் நுழைய வேண்டும்.

முதல் முயற்சியில் நீர்மூழ்கி, கப்பலின் பக்கத்தில் பலத்த ஓசையுடன் மோதி நின்றது. மேலே இருந்தவர்களுக்குக் கேட்டிருக்கலாம். வெடிகலத்தைக் கப்பலின் ஓரத்திலேயே போட்டுவிட்டுத் திரும்பியிருந்தால் யாரும் குறை சொல்லியிருக்கமாட்டார்கள். ஃபிரேசர் பின்வாங்கி, மறுபடியும் வந்து, சேற்றை உரசியபடி கப்பலின் நேர் அடியில் போய் நிறுத்தினார். நேரம் பிற்பகல் மூன்று மணியைத் தாண்டியிருந்தது. அவருடைய விருதுக் குறிப்பு தனித்துச் சுட்டுவது இந்தப் பிடிவாதத்தைத்தான்.

மூடி பாதிதான் திறந்தது

மகின்னிஸ் வெளியேற வேண்டிய மேல்மூடி முழுதாகத் திறக்கவில்லை. தக்காவோவின் அடிப்பாகம் இடித்தது. சுவாசக் கருவியிலிருந்த காற்றைக் குறைத்துக்கொண்டு, உடலை ஒடுக்கி, அந்த இடைவெளி வழியாகவே அவர் வெளியே சென்றார். கருவி கசியத் தொடங்கியது. குமிழிகள் மேலே எழுந்தன.

கப்பலின் அடிப்பகுதி முழுதும் சிப்பியும் பாசியும் அப்பியிருந்தன. அதன்மேல் காந்தம் ஒட்டாது. மகின்னிஸ் கத்தியால் சுரண்டத் தொடங்கினார். அரை மணி நேரத்துக்கும் மேலாகச் சுரண்டி, சரிவான அடிப்பகுதியில் வெடிகள் நழுவாதபடி இரண்டிரண்டாகக் கயிற்றால் பிணைத்து, ஆறு வெடிகளைப் பொருத்தினார். கைகள் கிழிந்து, முற்றிலும் களைத்துப்போய் உள்ளே வந்தார்.

அடுத்துப் பக்கச் சுமைகளைக் கழற்ற வேண்டும். 2 டன் வெடிகலம் கழன்று விழுந்தது. மறுபக்கத்துக் காலிக் கூடு கழலவில்லை. இதற்கிடையே நீர்மட்டம் இறங்கிக்கொண்டிருந்தது. தக்காவோவும் அதனுடன் மெல்ல இறங்கியது. எக்ஸ்இ3 நகர மறுத்தது.

முன்னும் பின்னும் மோட்டாரை இயக்கியும், தொட்டிகளில் நீரை நிரப்பியும் வெளியேற்றியும் பல நிமிடங்கள் போராடினர். தாங்களே பொருத்திய வெடிகளுக்குக் கீழே நால்வரும் இருந்தனர். கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது. கடைசியில் சேறு வழிவிட, எக்ஸ்இ3 வெளியே வந்தது.

கூடு இன்னும் ஒரு பக்கத்தில் தொங்கியது. அதைச் சுமந்துகொண்டு கப்பலை நேராக ஓட்ட இயலாது. தாமே வெளியே செல்வதாக ஃபிரேசர் கூறினார். மகின்னிஸ் மறுத்தார். முக்குளிப்பது தம் வேலை, சற்று ஓய்வு கிடைத்தால் போதும் என்றார். பின்னர் ஒரு கனத்த திருகு சாவியுடன் வெளியே சென்று, ஏறத்தாழ ஏழு நிமிடங்களில் கூட்டைக் கழற்றிவிட்டுத் திரும்பினார். பகல் வெளிச்சத்தில், எதிரிக் கப்பலுக்கு அருகில், கசியும் கருவியுடன் அவர் செய்த இந்த இரண்டாவது பயணமே அவருக்கு விருதை உறுதிப்படுத்தியது எனலாம்.

வழியில் தாமதமான எக்ஸ்இ1, மியோகோவை அடைந்து திரும்ப நேரம் போதாது என்று கண்டது. ஸ்மார்ட் தம் வெடிகலத்தையும் தக்காவோவுக்கே வைத்தார். எக்ஸ்இ3இன் வெடிகள் எந்நேரமும் வெடிக்கக்கூடும் என்பது தெரிந்தே அவர் அங்குச் சென்றார்.

அன்றிரவு 9.30 மணியளவில் நீரிணை அதிர்ந்தது. எக்ஸ்இ3 நள்ளிரவை ஒட்டி ஸ்டிஜியனைச் சந்தித்தது. போகவும் வரவும் ஏறத்தாழ 130 கிலோமீட்டர் தொலைவைக் கடந்து, இரு குழுவினரும் உயிருடன் திரும்பினர்.

ஏற்கெனவே முடங்கிய கப்பல்

இக்கதையில் ஒரு சங்கடமான உண்மை உண்டு.

தக்காவோ 1944 அக்டோபர் 23ஆம் தேதியே பலாவானுக்கு அருகில் அமெரிக்க நீர்மூழ்கி ‘டார்ட்டர்’ ஏவிய டார்பிடோக்களால் தாக்கப்பட்டிருந்தது. தட்டுத்தடுமாறி நவம்பரில் சிங்கப்பூர் வந்த அது, மீண்டும் கடலுக்குச் செல்லும் நிலையில் இல்லை. மியோகோவும் அதே ஆண்டு டிசம்பரில் டார்பிடோ தாக்கிப் பின்பகுதியை இழந்திருந்தது. இரு கப்பல்களும் விமான எதிர்ப்புப் பீரங்கி மேடைகளாகவே நிறுத்தி வைக்கப்பட்டிருந்தன.

வெடிப்பில் தக்காவோவின் அடிப்பகுதி கிழிந்து நீர் புகுந்தது. ஆழம் குறைவு என்பதால் அது கண்ணில் படும்படி மூழ்கவில்லை. எனவே மீண்டும் ஒரு தாக்குதலுக்குத் திட்டமிடப்பட்டது. அதற்குள் ஹிரோஷிமாவிலும் நாகசாகியிலும் அணுகுண்டுகள் விழுந்தன. ஆகஸ்ட் 15ஆம் தேதி ஜப்பான் சரணடைவதாக அறிவித்தது.

போர் முடிந்ததும் ஃபிரேசர் தக்காவோவைப் பார்க்கச் சென்றார். கப்பலில் சிறு குழுவே இருந்ததையும் பீரங்கிக் குண்டுகள் அதில் இல்லாததையும் அப்போதுதான் அறிந்துகொண்டார். 

அப்படியானால் அந்தத் துணிவு வீணா? ஜூலை இறுதியில், போர் இரு வாரங்களில் முடியும் என்று அந்த நால்வருக்கும் தெரியாது. அவர்களை அனுப்பியவர்களும் மலாயாவில் பெரும் தரைப் போர் நடக்கும் என்றே கணக்கிட்டிருந்தனர். அக்கணக்கில் அந்தப் பீரங்கிகள் உண்மையான அச்சுறுத்தல். விருதுகள் வழங்கப்பட்டது கப்பலின் மதிப்புக்கு அன்று, அதனடியில் நடந்ததற்கு.

அதே சமயம், நால்வரின் உயிரைப் பணயம் வைக்கும் முடிவை எடுத்தவர்களிடம் இலக்கைப் பற்றிய முழுத் தகவல் இல்லை என்பதும் மறைக்க முடியாதது. போர்க்காலத்தில் இப்படி எத்தனையோ முடிவுகள் அரைகுறைத் தகவலில் எடுக்கப்பட்டன. அவற்றின் விலையைக் கொடுத்தவர்கள் வேறு.

கடலில் இறங்கிய அந்தப் பிரிட்டிஷ் திட்டம் செப்டம்பர் 9ஆம் தேதி, சரணடைவுக்குப் பிறகு, சண்டையின்றி நடந்தது. அது போராக நடந்திருந்தால், சிலாங்கூரிலிருந்து ஜோகூர் வரையிலான தோட்டப் பகுதிகள் அதன் பாதையில் இருந்திருக்கும். சயாம் மரண ரயில்பாதைக்கு ஆயிரக்கணக்கானோரைப் பறிகொடுத்திருந்த தமிழ்த் தோட்டத் தொழிலாளர் குடும்பங்கள் மீண்டும் ஒரு போர்க்களத்தின் நடுவே நின்றிருக்கும்.

தக்காவோவும் மியோகோவும் 1946இல் மலாக்கா நீரிணைக்கு இழுத்துச் செல்லப்பட்டு மூழ்கடிக்கப்பட்டன.

இரு பதக்கங்கள், இரு வாழ்க்கைகள்

விருதுகள் 1945 நவம்பரில் அறிவிக்கப்பட்டன. ஃபிரேசருக்கும் மகின்னிசுக்கும் விக்டோரியா சிலுவை. ஸ்மித்துக்கும் ரீடுக்கும் வேறு உயர் வீர விருதுகள். டிசம்பரில் பக்கிங்ஹம் அரண்மனையில் மன்னர் ஆறாம் ஜார்ஜ் விக்டோரியா சிலுவைகளை அணிவித்தார்.

ஃபிரேசர் தாம் கற்ற தொழிலையே கையில் எடுத்தார். போர் முடிந்து மலிவாகக் கிடைத்த முக்குளிப்புச் சாதனங்களை வாங்கி, சகோதரருடன் சேர்ந்து பொதுமக்களுக்கு நீருக்கடிக் காட்சிகள் நடத்தினார். விக்டோரியா சிலுவை பெற்றவர் இப்படிச் செய்யலாமா என்று முகம் சுளித்தவர்களும் இருந்தனர். அந்தச் சிறு தொடக்கம், துறைமுகப் பணிகளைச் செய்யும் முக்குளிப்பு நிறுவனமாக வளர்ந்தது. பின்னாளில் வட கடல் எண்ணெய்த் துறையிலும் அவர் தொழில் விரிந்தது. சேமப்படையில் 1965 வரை பணியாற்றினார். 1957இல் தம் அனுபவங்களை நூலாக்கினார். 2008 செப்டம்பர் 1ஆம் தேதி, 87ஆம் வயதில் காலமானார்.

மகின்னிசின் பாதை வேறு. வட அயர்லாந்தின் பெல்ஃபாஸ்ட் நகரில், ஏழைக் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர் அவர். இரண்டாம் உலகப் போரில் விக்டோரியா சிலுவை பெற்ற ஒரே வட அயர்லாந்துக்காரரும் அவரே. நகர மக்கள் ஆளுக்கொரு ஷில்லிங் போட்டு 3,000 பவுண்டுக்கு மேல் திரட்டிக் கொடுத்தனர். ஆனால் நகர மன்றம் தன் உயரிய மரியாதையான ‘நகர உரிமை’யை அவருக்கு வழங்கவில்லை. சமயமும் வர்க்கமும் அதற்குக் காரணங்கள் என்று பின்னாளில் பேசப்பட்டது.

பணம் கரைந்தது. 1952இல் பதக்கத்தையே 75 பவுண்டுக்கு விற்க நேர்ந்தது. அதை வாங்கிய வணிகர் பதக்கத்தைத் திருப்பிக் கொடுத்ததாகச் சொல்லப்படுகிறது. மகின்னிஸ் குடும்பத்துடன் இங்கிலாந்தின் யார்க்‌ஷியருக்குக் குடிபெயர்ந்து, மின்பணியாளராக வாழ்ந்து 1986இல் மறைந்தார்.

அதே ஆண்டில் ஏலத்துக்கு வந்த அப்பதக்கத்தைத் தொழிலதிபர் மைக்கல் ஆஷ்கிராஃப்ட் வாங்கினார். உலகின் ஆகப் பெரிய விக்டோரியா சிலுவைத் தொகுப்பு அந்த ஒரு பதக்கத்திலிருந்துதான் தொடங்கியது. பெல்ஃபாஸ்ட் நகர மண்டப வளாகத்தில் மகின்னிசுக்கு நினைவுச்சின்னம் எழுந்தது 1999இல். அதைக் காண அவர் இல்லை.

ஒரே குழாய்க்குள், ஒரே ஆபத்தில் இருந்தவர்கள் இருவரும். பதக்கம் தகுதி பார்க்கவில்லை. அதிகாரிக்கும் மாலுமிக்கும் ஒன்றாகவே இருந்தது. கரைக்கு வந்த பிறகு வாழ்க்கை பார்த்தது.

இன்று எஞ்சியிருப்பவை

செம்பவாங் கடற்படைத் தளம் போருக்குப் பின் மீண்டும் பிரிட்டிஷார் கைக்கு வந்தது. தமிழர், மலையாளிகள் உள்ளிட்ட பல்லாயிரம் ஊழியர்கள் அங்கு வேலை செய்தனர். ஈசூனில் பங்குனி உத்திரத்துக்குப் பெயர்பெற்ற புனிதமரம் பாலசுப்பிரமணியர் ஆலயம், அத்தளத்து ஊழியர்களின் வழிபாட்டில் வேர்விட்டதே. தளம் பின்னர் செம்பவாங் கப்பல் பட்டறையானது.

எக்ஸ்இ3 இன்று இல்லை. அதே வகையைச் சேர்ந்த எக்ஸ்இ8, இங்கிலாந்தின் சாத்தம் வரலாற்றுக் கப்பல் துறையில் பாதுகாக்கப்படுகிறது. அங்குச் செல்பவர்கள் அந்தக் குழாயின் அளவை நேரில் பார்த்தால், நான்கு பேர் ஒரு பகல் முழுதும் அதற்குள் எப்படி இருந்தார்கள் என்பதே முதலில் வியப்பாக இருக்கும்.

செம்பவாங் கரையில் அந்நாளை நினைக்க ஒரு வழி உண்டு. நீர் வற்றும் நேரத்தில் நீரிணையைப் பார்த்தால் கரையோரம் சேறு மெல்லத் தலைகாட்டும். அன்று நால்வரையும் பிடித்து வைத்ததும், பின்னர் விட்டதும் அதே சேறுதான்.